பஸ்ஸில் நாற்பது பேரா, வேனில் பத்துப் பேரா? பூஜாங் பள்ளத்தாக்கைக் காலையில் பார்க்க ஒரு வழி

பாகான் செராய்: பள்ளி விடுமுறை நெருங்கினால் போதும், நம் பக்கத்தில் யாராவது ஒருவர் பெயர்ப் பட்டியலைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிடுவார். கோயில் நிர்வாகமாக இருக்கலாம், தமிழ்ப்பள்ளியின் பெற்றோர் ஆசிரியர் சங்கமாக இருக்கலாம், இளைஞர் மன்றமாக இருக்கலாம். 44 இருக்கை பஸ் ஒன்று பேசுவார்கள். காலையில் சுங்கை பட்டாணியில் ஒரு கோயில், அங்கேயே பசியாறல், பிறகு பூஜாங் பள்ளத்தாக்கு, மதியச் சாப்பாடு, மாலையில் பினாங்கு கடற்கரை. இரவு பத்து மணிக்கு வீடு.

அந்தப் பட்டியலில் நானும் ஒரு முறை இருந்தேன். அப்போது எனக்கு வயது பதினொன்று. பஸ் மெர்போக் போய்ச் சேரும்போது மணி பன்னிரண்டரை. எங்களுக்கு முன்பே மூன்று பஸ்கள் நின்றன. அரும்பொருளகத்து அதிகாரி ஒருவர் எங்களை வரிசையில் நிறுத்தி மைக்கில் பேசினார். முன்னால் நின்ற பத்துப் பேருக்குக் கேட்டிருக்கும். பின்னால் நின்ற எங்களுக்குக் கேட்டதெல்லாம் வெயிலைப் பற்றிய முணுமுணுப்புதான். கழிவறை வரிசையும், வாசலில் வாங்கிய ஐஸ்கிரீமும் ஞாபகம் இருக்கின்றன. திரும்பி வந்து கட்டுரை எழுதச் சொன்னார்கள். 'ராஜேந்திர சோழன் கட்டிய கோயிலைக் கண்டு மகிழ்ந்தோம்' என்று எழுதினேன். நல்ல மதிப்பெண் கிடைத்தது. அந்த வாக்கியம் தவறு என்பது பல்கலைக்கழகத்தில் தமிழ் படிக்கப் போன பிறகுதான் தெரிந்தது.

அண்மையில் மறுபடியும் போனேன். இந்த முறை வேன். பத்துப் பேர், ஓட்டுநரோடு பதினொன்று. என் பாட்டி, ஓய்வுபெற்ற தமிழ்ப்பள்ளி ஆசிரியர் ஒருவர், பக்கத்து வீட்டுத் தம்பதி, அவர்களுடைய இரண்டு பிள்ளைகள், இடைநிலைப்பள்ளி மாணவர்கள் மூவர், நான். இருட்டோடு கிளம்பி, அலோர் பொங்சு டோல் வழியாக நெடுஞ்சாலை ஏறி, சுங்கை பட்டாணி உத்தாராவில் இறங்கி, பெடோங் தாண்டி மெர்போக் போனோம். ஏறக்குறைய ஒன்றரை மணி நேர ஓட்டம். காலை ஒன்பது மணிக்குக் கதவு திறந்தபோது வாசலில் எங்களைத் தவிர யாரும் இல்லை.

அதே இடம், அதே கற்கள்தான். ஆனால் நான் பார்த்தது வேறு. இப்படிப் போவதில் என்ன வித்தியாசம், எப்படி ஏற்பாடு செய்வது என்பதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

உலகம் முழுக்க இதே தொல்லை

கூட்டத்தில் ஒன்றையும் பார்க்க முடியாமல் திரும்புவது நமக்கு மட்டும் நேர்வதில்லை. பாரிஸ் நகரத்து லூவ்ர் அரும்பொருளகத்துக்கு 2024-இல் மட்டும் 87 லட்சம் பேர் வந்தார்கள். அவர்களில் பெரும்பாலோர் நேராகப் போய் நிற்பது மோனா லிசா ஓவியத்தின் முன்னால். 77 சென்டிமீட்டர் உயரம், 53 சென்டிமீட்டர் அகலம்; நம் வீட்டுச் சாமி படத்தைவிடக் கொஞ்சம் பெரியது, அவ்வளவுதான். ஐரோப்பா சுற்றுலா போய்வந்த என் பெரியம்மா மகள் காட்டிய போட்டோவில் ஓவியத்தைவிட மற்றவர்களின் கைப்பேசிகள்தான் அதிகம் தெரிந்தன. நெரிசல் தாங்காமல், அந்த ஓவியத்துக்குத் தனி அறையும் தனி நுழைவும் அமைக்கப்போவதாக பிரான்ஸ் அதிபர் மக்ரோன் 2025 ஜனவரியில் அறிவித்தார்.

வத்திகான் அரும்பொருளகங்களிலும் இதே கதைதான். அங்கே சாவிக்காரர் என்றே ஒரு பணி இருக்கிறது. 2,797 சாவிகள் அவர்கள் பொறுப்பில் இருக்கின்றன. விடியற்காலையில் விளக்குகளைப் போட்டு, ஒவ்வொரு கதவாகத் திறந்துகொண்டே போவார்கள். மைக்கலாஞ்சலோ கூரை ஓவியம் தீட்டிய சிஸ்டின் தேவாலயத்தின் சாவிக்கு மட்டும் எண் கிடையாது. அதை முத்திரையிட்ட உறைக்குள் வைத்திருப்பார்கள். கூடுதலாகப் பணம் கட்டினால் ஒரு சிறு குழு அந்தச் சாவிக்காரரோடு சேர்ந்து நடக்கலாம். பகலில் தோளோடு தோள் உரசி அண்ணாந்து பார்க்கும் அதே கூரையை, அந்த நேரத்தில் நிம்மதியாக நின்று பார்க்கலாம்.

அங்கே இதற்குப் பெரிய பணம் வேண்டும். மெர்போக்கில் தேவைப்படுவது அலாரம் வைத்து எழுந்திருக்கும் மனம் மட்டும்தான்.

ஒரு கலைப்பொருளின் முன்னால் மனிதர்கள் எவ்வளவு நேரம் நிற்கிறார்கள் என்று நியூயார்க் மெட்ரோபாலிட்டன் அரும்பொருளகத்தில் கணக்கெடுத்திருக்கிறார்கள். 2001-இல் வெளியான அந்த ஆய்வின்படி சராசரி 27 விநாடி. பாதிப் பேர் 17 விநாடிக்கு மேல் நிற்கவில்லை. மெர்போக்கில் என் பாட்டி ஒரே இடத்தில் இருபது நிமிடம் உட்கார்ந்துவிட்டார். அந்தக் கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும்.

கல்லில் இருக்கும் குழி

குனோங் ஜெராய் மலையடிவாரத்தில், மெர்போக் கெச்சில் ஆற்றோரமாக இருக்கிறது புக்கிட் பத்து பஹாட் சண்டி. பழங்காலக் கோயில்களை இங்கே சண்டி என்றுதான் சொல்கிறார்கள். குவாரிட்ச் வேல்ஸ் என்ற ஆங்கிலேய ஆய்வாளரும் அவருடைய மனைவி டோரதியும் 1936, 1937 ஆண்டுகளில் இந்தப் பகுதியில் வரிசையாகப் பல இடங்களைத் தோண்டி எண் கொடுத்தார்கள். இது எட்டாம் எண். பிறகு அலஸ்டைர் லேம்ப் என்பவர் அதை முழுதாக ஆராய்ந்து, சிதறிக் கிடந்த கற்களைச் சேர்த்து 1960 வாக்கில் மறுபடி எழுப்பினார். சுற்றிலும் அரும்பொருளகம் வந்தது 1980-இல். வளாகத்தில் இன்னும் மூன்று சண்டிகள் இருக்கின்றன: பெண்டியாட், பெண்டாங் டாலாம், பெங்காலான் பூஜாங். இவை வேறு இடங்களிலிருந்து கொண்டுவந்து இங்கே மறுபடி அமைக்கப்பட்டவை. எட்டாம் எண் சண்டி மட்டும்தான் இருந்த இடத்திலேயே இருக்கிறது.

நடு மதியத்தில் போனால் அது ஒரு கல் மேடை, அவ்வளவுதான். வெயில் உச்சியில் நிற்கும்போது கல்லில் நிழல் விழாது. நிழல் இல்லாவிட்டால் கல்லின் மேடு பள்ளம் கண்ணில் படாது. காலையில் வெளிச்சம் பக்கவாட்டில் சாய்ந்து வரும். அப்போதுதான் முன் மண்டபத்தின் தரையில் வரிசையாக இருக்கும் தூண் அடிக்கற்கள் தனித்தனியாகத் தெரிகின்றன. அவற்றில் தூணை நிறுத்தும் குழிகள் இருக்கின்றன. தூண்களைக் காணோம். கூரையும் இல்லை.

எங்கே போயின? அரும்பொருளகத்து அதிகாரி மலாயில் விளக்கினார். ஆசிரியர் தமிழில் சொன்னார். அடித்தளம் மட்டும்தான் கல். தூணும் கூரையும் மரமும் ஓலையுமாக இருந்திருக்க வேண்டும் என்பது ஆய்வாளர்களின் முடிவு. நம் நாட்டு மழைக்கும் கரையானுக்கும் மரம் எத்தனை நாள் தாங்கும்?

பாட்டி அந்தக் கல்லின் பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டார். முப்பது வருடத்துக்கு மேல் பால்மரம் வெட்டியவர். எழுத்துக் கூட்டிக்கூடப் படிக்கத் தெரியாது.

"எங்க தோட்டத்து மாரியம்மன் கோயிலு மொதல்ல இப்படித்தான்யா இருந்திச்சு," என்றார் ஆசிரியரிடம். "கீழ கல்லு. நாலு பக்கமும் மரக்கம்பம். மேல அத்தாப்பு. வருசா வருசம் திருவிழாவுக்கு முன்னால ஆம்பளைங்க போயி ஓலை மாத்துவாங்க. கம்பத்த மண்ணுல நட்டா அரிச்சிடும்னு கல்லக் குழிச்சு அதுல நிறுத்துவாங்க."

ஆசிரியர் அதை மலாயில் சொன்னார். அதிகாரி சிரித்துக்கொண்டே பாட்டியின் பக்கத்தில் வந்து உட்கார்ந்தார். எத்தனை கம்பம், குழி எவ்வளவு ஆழம், கூரை எந்தப் பக்கம் சாய்வு என்று கேட்கத் தொடங்கினார். இருபது நிமிடம் இரண்டு பேரும் கையாலும் வாயாலும் ஒரு கோயிலைக் கட்டி முடித்தார்கள். நாங்கள் சுற்றி நின்று பார்த்துக்கொண்டிருந்தோம்.

நாற்பது பேர் போயிருந்தால் பாட்டி அங்கே வாய் திறந்திருக்கவே மாட்டார். பஸ்ஸிலேயே உட்கார்ந்து, "நீங்க போய்ப் பாத்துட்டு வாங்க, எனக்குக் கால் வலிக்குது" என்றிருப்பார்.

சோழன் கட்டியதா?

தமிழர்கள் போகும் எல்லாக் குழுவிலும் இந்தக் கேள்வி வரும். எங்கள் குழுவில் ஐந்தாம் ஆண்டு படிக்கும் பையன் கேட்டான். அதிகாரி உடனே பதில் சொல்லவில்லை. ஆசிரியரைப் பார்த்தார். இந்த இடத்தில் நிதானமாகப் பேச ஆள் வேண்டும்.

ராஜேந்திர சோழனின் கடற்படை கடாரத்தைத் தாக்கியது 1025-இல். தஞ்சைப் பெரிய கோயில் கல்வெட்டிலேயே அந்தச் செய்தி இருக்கிறது. அதில் சந்தேகம் இல்லை. ஆனால் பூஜாங் பள்ளத்தாக்கின் வரலாறு அதற்குப் பல நூற்றாண்டுகள் முந்தியது. பட்டினப்பாலையில் காவிரிப்பூம்பட்டினத்துக்கு வந்து இறங்கிய சரக்குகளில் காழகத்திலிருந்து வந்தவையும் உண்டு. அந்தக் காழகம் கடாரம்தான் என்று உரை எழுதியவர் நச்சினார்க்கினியர். ஜேம்ஸ் லோ என்ற கேப்டன் 1834-இல் செபராங் பிறையின் வட பகுதியில் ஒரு கல்வெட்டைக் கண்டெடுத்தார். அது ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்தது என்கிறார்கள். புத்தகுப்தன் என்ற மாலுமித் தலைவன் பயணம் நல்லபடி முடிய வேண்டும் என்று செதுக்கி வைத்தது அது. அந்தக் கல் இப்போது கொல்கத்தா இந்திய அரும்பொருளகத்தில் இருக்கிறது. நாம் நெடுஞ்சாலையில் செபராங் பிறையைத் தாண்டித்தான் மெர்போக் போகிறோம்.

எட்டாம் எண் சண்டி சிவன் கோயிலாக இருந்திருக்கலாம் என்று ஆய்வாளர்கள் கருதுகிறார்கள். ஆனால் அதைக் கட்டியவர் இன்னார் என்று சொல்லும் கல்வெட்டு எதுவும் அங்கே இல்லை. பள்ளத்தாக்கில் பௌத்தக் கோயில்களும் இருந்தன. காட்சிக்கூடத்தில் லிங்கம், ஆவுடையார், பிள்ளையார் சிற்பத்தின் உடைந்த பாகம் ஆகியவற்றோடு பௌத்தச் சின்னங்களும், சீனப் பீங்கான் ஓடுகளும், மேற்கு ஆசியாவிலிருந்து வந்த கண்ணாடித் துண்டுகளும் இருக்கின்றன. பருவக்காற்று மாறும்வரை பல நாட்டு வணிகர்கள் தங்கிப்போன துறைமுகம் அது. நம்மவர்களும் அங்கே இருந்தார்கள், மற்றவர்களும் இருந்தார்கள்.

இதைச் சொன்னால் சில பெரியவர்களுக்குக் கோபம் வரும். எனக்கும் ஒரு காலத்தில் வந்தது. ஆனால் உண்மையில் சோழனுக்கும் கடாரத்துக்கும் இருந்த உறவு வெறும் போரோடு முடிவதில்லை. ராஜேந்திரனின் அப்பா ராஜராஜன் காலத்தில், கடாரத்து அரசன் நாகப்பட்டினத்தில் சூடாமணி விகாரம் என்ற புத்தப் பள்ளியைக் கட்டிக்கொண்டான். அதன் செலவுக்கு ஆனைமங்கலம் என்ற ஊரின் வருமானத்தைக் கொடுத்தான் ராஜராஜன். அந்தச் செய்தி 21 செப்பேடுகளில் இருக்கிறது. வடமொழியில் 5, தமிழில் 16. நெதர்லாந்துக்குப் போய் லைடன் பல்கலைக்கழகத்தில் நெடுங்காலம் இருந்ததால் அவற்றை லைடன் செப்பேடுகள் என்கிறோம். கடாரத்து ராஜா ஒருவன் தமிழ்நாட்டில் கோயில் கட்ட, தமிழ் ராஜா அதற்கு ஊரைக் கொடுத்திருக்கிறான். என் ஐந்தாம் ஆண்டுக் கட்டுரையில் நான் எழுதியதைவிட இது எவ்வளவோ சுவாரஸ்யமானது.

கேள்வி கேட்ட பையன் விடவில்லை. "அப்ப அந்த ராஜா இங்கேருந்து கப்பல்ல போனாரா சார்?" என்றான். "அவர் போனாரோ இல்லையோ, அவரோட ஆளுங்க போயிருக்காங்கப்பா" என்றார் ஆசிரியர். மைக்கில் பேசும் இடத்தில் இப்படி இரண்டாவது கேள்வி வருவதே இல்லை.

அடுத்து, காட்சிக்கூடத்தில் தவறவிடக் கூடாத ஒன்று உண்டு. சண்டியின் அடித்தளத்தில் லேம்ப் கண்டெடுத்த கல்பெட்டிகள். உள்ளே அறை அறையாகக் குடைந்து, சிறு செம்புக் கலசங்களில் மணிகளும் பொன், வெள்ளித் துணுக்குகளும் வைக்கப்பட்டிருந்தன. ரொம்பச் சின்னப் பொருள்கள். மூன்று பேருக்கு மேல் கண்ணாடிப் பெட்டியைச் சுற்றி நின்றால் நான்காவது ஆளுக்குத் தெரியாது. நம் கோயில்களில் புதிதாகச் சாமி பிரதிஷ்டை செய்யும்போது பீடத்துக்கு அடியில் நவரத்தினமும் தகடும் வைப்பதைப் பார்த்தவர்களுக்கு இந்தப் பெட்டிக்கு விளக்கமே தேவையில்லை. பக்கத்து வீட்டு அக்கா அதைப் பார்த்ததும் கன்னத்தில் போட்டுக்கொண்டார்.

ஏற்பாடு செய்வது எப்படி

முதலில் எண்ணிக்கை. எட்டிலிருந்து பன்னிரண்டு பேர். அதற்கு மேல் போனால் பேசுகிறவர் கத்த வேண்டியிருக்கும். கத்தத் தொடங்கினால் அது வகுப்பறை ஆகிவிடும். 40 பேர் ஆசைப்பட்டால் நான்கு சனிக்கிழமைகளாகப் பிரித்துக்கொள்ளுங்கள். பஸ் வாடகையை 40 பேருக்குப் பிரிப்பதைவிட வேனுக்குத் தலைக்குக் கொஞ்சம் கூடுதலாக ஆகும், உண்மைதான். ஆனால் வழியில் வேறு மூன்று இடங்களைச் சேர்த்து அலைவது மிச்சம்.

இரண்டு வாரத்துக்கு முன்பே அரும்பொருளகத்துக்குப் போன் போடுங்கள். பிறகு மலாயில் ஒரு பக்கக் கடிதம். எத்தனை பேர், என்ன வயது, என்ன தேதி, எத்தனை மணி, விளக்கம் சொல்ல ஓர் அதிகாரி கிடைப்பாரா என்று எழுதினால் போதும். கடிதம் எழுதித் தருவதற்கு உங்கள் ஊரிலேயே நாலு பிள்ளைகள் இருப்பார்கள். காட்சிக்கூடத்தில் பராமரிப்பு வேலை நடக்கிறதா, அன்று திறந்திருக்குமா என்பதையும் அப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். ஒன்றரை மணி நேரம் ஓட்டிப் போய் மூடிய கதவைப் பார்ப்பதைவிடப் பெரிய வயிற்றெரிச்சல் இல்லை.

தமிழில் சொல்ல ஓர் ஆள் கட்டாயம் வேண்டும். இதற்குப் பேராசிரியர் தேவையில்லை. ஓய்வுபெற்ற ஆசிரியர், தமிழ் படித்த மாணவர், வாசிக்கும் பழக்கமுள்ள யாராக இருந்தாலும் சரி. அவர் செய்ய வேண்டியது இரண்டுதான். அதிகாரி சொல்வதை மூத்தவர்களுக்குப் புரியும் தமிழில் சொல்வது. மூத்தவர்கள் சொல்வதை அதிகாரியிடம் கொண்டுபோய்ச் சேர்ப்பது. இரண்டாவது வேலையைத்தான் பலரும் மறந்துவிடுகிறார்கள். கோலாலம்பூர் தேசிய அரும்பொருளகத்தில் தன்னார்வலர்கள் ஆங்கிலம், மலாய், ஜப்பான், பிரெஞ்சு போன்ற மொழிகளில் இலவசமாக விளக்கம் சொல்கிறார்கள். நாமும் நம் குழுவுக்கு ஓர் ஆளைத் தயார் செய்துகொள்ளலாம்.

எல்லாவற்றையும் பார்க்க ஆசைப்படாதீர்கள். நாங்கள் ஐந்து பொருள்களை மட்டும் முன்பே முடிவு செய்துகொண்டோம்: தூண் அடிக்கற்கள், கல்பெட்டி, ஆவுடையார், பீங்கான் ஓடுகள், கொண்டுவந்து வைக்கப்பட்ட சண்டிகளில் ஒன்று. மிச்சத்தை நடந்துகொண்டே பார்த்தோம். ஒன்பதிலிருந்து பத்தரை வரை. பத்தே முக்காலுக்கு முதல் பஸ் வந்தது, நாங்கள் கிளம்பினோம்.

பசியாறுவதைப் பற்றி ஒரு வார்த்தை. காலையில் வழியில் நிறுத்தினால் ரொட்டி சானாய்க்கும் தே தாரிக்குக்கும் முக்கால் மணி நேரம் போய்விடும். அந்த முக்கால் மணி நேரம்தான் நீங்கள் தேடிப் போகும் அமைதி. இட்லியோ நாசி லெமாக் பொட்டலமோ கையில் எடுத்துக்கொண்டு வேனிலேயே முடித்துக்கொள்ளுங்கள். உட்கார்ந்து சாப்பிடுவதை முடித்துவிட்டுப் பார்க்கலாம். வயதானவர்களுக்கு மடக்கு நாற்காலி ஒன்று. சண்டிகள் மலைச்சரிவில் படிப்படியாக இருப்பதால் நல்ல செருப்பு. கொசு மருந்தும் வேண்டும்.

திரும்பும்போது செமெலிங் பக்கம் சுங்கை பத்துவில் நிறுத்தினோம். மலேசிய அறிவியல் பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர்கள் 2009 முதல் தோண்டிவரும் இடம் அது. இரும்பு உருக்கிய உலைகளும், காற்று ஊதும் மண் குழாய்களும், படகுத் துறையின் செங்கல் அடித்தளங்களும் கிடைத்திருக்கின்றன. அதன் காலம் எவ்வளவு பழையது என்பதில் ஆய்வாளர்களிடையே வாதம் உண்டு. அங்கே நிழல் குறைவு. பதினொன்றரைக்கு மேல் தாங்காது.

இதே பகுதியில்தான் 2013-இல் பதினொன்றாம் எண் சண்டி இடிக்கப்பட்டது. வீடமைப்புக்காக நிலத்தைச் சுத்தம் செய்தபோது புல்டோசர் அதையும் சேர்த்துத் தள்ளிவிட்டது. செய்தி வெளியே வந்தது அந்த ஆண்டின் கடைசியில். தனியார் நிலம், பாதுகாக்கப்பட்ட இடமாக அரசிதழில் பதிவாகவில்லை. எண் கொடுத்துப் பதிவு செய்யப்பட்ட ஒரு சண்டி காணாமல் போனது அந்தச் செய்திக்குப் பிறகுதான் நாட்டுக்குத் தெரிந்தது. வேல்ஸ் தோண்டிய இடங்களில் பல, ரப்பர் தோட்டங்களுக்குள் இருந்தவை. அந்தத் தோட்டங்களில் மரம் வெட்டியவர்கள் நம் ஆட்கள். நிறைக்குள் கிடந்த செங்கல்லைத் தாண்டித் தாண்டி நடந்திருப்பார்கள். அவர்களிடம் யாரும் எதையும் கேட்டதாகத் தெரியவில்லை.

வேனில் பாட்டி ரொம்ப நேரம் பேசவில்லை. நிபோங் திபால் தாண்டியதும்தான் வாய் திறந்தார். அவர் சொன்ன மாரியம்மன் கோயில் இப்போது இல்லை. தோட்டம் துண்டாடப்பட்டபோது சாமியைத் தூக்கிக்கொண்டு டவுனுக்கு வந்தார்கள். தகரக் கொட்டகையில் நாலு வருடம் இருந்து பிறகு கட்டடம் எழும்பியது. "அங்க மூணு கோயிலத் தூக்கிட்டு வந்து வச்சிருக்காங்களே, அந்தக் கல்லுல எல்லாம் நம்பர் எழுதி வச்சுத்தான் கொண்டு வந்தாங்களாம்," என்றார். "எங்களுக்கு அப்படி யாரும் சொல்லித் தரல. கல்லு அங்கயே கெடந்துச்சு. செம்பனைக்கு நெலத்த ஒழுங்கு பண்ணும்போது போயிருக்கும்."

வேறு எங்கெல்லாம்

மெர்போக் தொலைவு என்று நினைப்பவர்களுக்குத் தைப்பிங் பக்கம்தான். பேராக் அரும்பொருளகம் 1883-இல் தொடங்கப்பட்டது. நாட்டிலேயே மிகப் பழையது. அங்கே பணியாற்றிய ஐவர் எவன்ஸ் என்பவர் 1920-களிலும் 30-களின் தொடக்கத்திலும் கோலா செலின்சிங்கில் தோண்டினார். கோலா குலாவுக்குத் தெற்கே சதுப்புக் காட்டுக்குள் இருக்கும் இடம் அது. நம் வீட்டுக் கொல்லைப்புறம் என்றே சொல்லலாம். மணிகள் நிறையக் கிடைத்தன. அவற்றோடு ஒரு சிவப்பு மணிக்கல் முத்திரை. அதில் பல்லவ எழுத்து வகையில் விஷ்ணுவர்மன் என்ற பெயர். கிரியானில் நம் மக்கள் கரும்புத் தோட்டத்துக்கு வந்து இறங்கியது பத்தொன்பதாம் நூற்றாண்டில். அதற்கு ஆயிரம் ஆண்டுக்கு மேல் முன்பே இந்தக் கடலோரத்தில் யாரோ அந்தப் பெயரை மெழுகிலோ களிமண்ணிலோ பதித்துக்கொண்டிருந்திருக்கிறார்கள். தைப்பிங் போகும் முன்பும் போன் போட்டுக் கேட்டுக்கொள்ளுங்கள். பழைய கட்டடம், சீரமைப்பு வேலை இருந்தால் மூடியிருக்கலாம்.

தமிழ்நாட்டுக் கோயில் சுற்றுலா போகிறவர்கள் தஞ்சாவூரில் பெரிய கோயிலோடு திரும்பிவிடுகிறார்கள். அரண்மனைக்குள் இருக்கும் கலைக்கூடத்துக்குக் காலையில் ஒரு மணி நேரம் ஒதுக்கச் சொல்லி ஏற்பாட்டாளரிடம் அடம்பிடியுங்கள். திருவெண்காட்டில் கிடைத்த ரிஷபவாகன மூர்த்தி அங்கே இருக்கிறார். 1011-ஆம் ஆண்டைச் சேர்ந்த செப்புத் திருமேனி. பாம்புகளைத் தலைப்பாகை போலச் சுற்றிய சடை. ஒரு கை மட்டும் காற்றில் எதன் மேலோ ஊன்றியிருப்பது போல நிற்கும். அவர் சாய்ந்திருந்த காளை இப்போது இல்லை. யாராவது சொன்னால்தான் அந்தக் காலி இடம் கண்ணில் படும். சென்னை எழும்பூர் அரசு அரும்பொருளகத்தில் செப்புத் திருமேனிகளுக்கென்றே தனிக்கூடம் இருக்கிறது. வெள்ளிக்கிழமை விடுமுறை, அந்த நாளில் போய் நின்று ஏமாந்த மலேசியக் குழுக்களைப் பற்றி நானே கேள்விப்பட்டிருக்கிறேன்.

எங்கள் பத்துப் பேரும் அடுத்து தைப்பிங் போவதாக இருக்கிறோம். ஆசிரியர் கோலா செலின்சிங் பற்றி இரண்டு பக்கக் குறிப்பு எழுதிக்கொண்டிருக்கிறார். கேள்வி கேட்ட பையன் அவனுடைய கூட்டாளியையும் அழைத்துவரலாமா என்று கேட்டான். வேனில் ஒரு இடம் இருக்கிறது. ஆனால் முன் இருக்கை கிடையாது. அதைப் பாட்டி ஏற்கெனவே சொல்லி வைத்துவிட்டார்.